கேட் திறக்கவில்லை

"லாரி எதுக்கு வீட்டுக்குள்ள வரணும்னு கேக்கறேன்!" என்று கம்ப்யூட்டரிடம் சண்டை போட்டுக்கொண்டிருந்தான் மஹேஷ்.

துணி மடித்துக்கொண்டிருந்த சுப்ரியா எழுந்து வந்து, கணவனின் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள்.

அவன் போட்ட ரோட்டைப் பற்றி மறுபடி ஒரு புகார்.

பழைய லாரி ஓட்டும் விளையாட்டு அது. எந்த ஓட்டைக் கம்ப்யூட்டரிலும் ஓடும். அதில் வெளிநாட்டுச் சாலைகள்தான் இருந்தன. மஹேஷ் தன் சாயங்காலங்களையெல்லாம் கொட்டி, திருநெல்வேலியிலிருந்து திருவனந்தபுரம் வரைக்கும் ஒரு மேப் செய்து சேர்த்திருந்தான். கடைசி நிறுத்தம் அந்த ஊர் ஸ்ரீவராகத்தில் அவர்கள் வீட்டு வாசல். பச்சை கேட்கூட அப்படியே.

சொந்தக்காரர்களின் வாட்ஸ்அப் குழுவில் லிங்க் போட்டான். அநேகமாக ஆளுக்கொரு கட்டைவிரல் வந்தது. ஓட்டிப் பார்த்ததாக யாரும் சொல்லவில்லை.

"கவர்மென்ட்டைவிட வேகமா ரோடு போடறேள். வண்டியைத்தான் காணும்" என்று சுப்ரியா சீண்டுவாள்.

கடைசியில் ஒரே ஒரு வண்டி வந்தது. 'நெல்லை சவாரி' என்ற பெயரில் யாரோ. களியக்காவிளையில் செக்போஸ்ட்டைக் காணோம், பாலராமபுரம் வளைவில் வண்டி திரும்பாது என்று ஓயாத நச்சரிப்பு. மஹேஷ் முணுமுணுத்துக்கொண்டே, உள்ளூரப் பூரித்துப்போய், ஒவ்வொன்றாகத் திருத்தினான்.

இன்றைய புகார்தான் அவனுக்குப் பொறுக்கவில்லை.

'கடைசி வீட்டு கேட் திறக்கவில்லை. தினமும் வந்து, நின்று பார்த்துவிட்டு, திரும்பிப் போக வேண்டியிருக்கிறது.'

"சரியான பிராந்து, பைத்தியம்! கேட் சும்மா படம்தானே?"

சுப்ரியா சிரித்தாள். பிறகு, புகாரோடு வந்திருந்த படத்தைப் பார்த்தாள்.

அவர்கள் கேட்டை உரசினாற்போல ஒரு லாரி. அதன் நெற்றியில், ஓட்டுகிறவர்கள் இஷ்டப்பட்ட பெயரை எழுதிக்கொள்ளும் இடத்தில், தமிழில் எழுதியிருந்தது: 'சுப்புக்குட்டி'.

அவளை அப்படிக் கூப்பிட்டவர் உலகத்திலேயே ஒருவர்தான். மஹேஷைத்தான் கட்டிக்கொள்வேன் என்று அவள் நின்ற நாளிலிருந்து, திருநெல்வேலியை விட்டு நகராதவர். இந்த வாசலை மிதிக்காதவர். குழுவில் ஒரு கட்டைவிரல்கூடக் காட்டாதவர்.

மஹேஷ் எதையும் கவனிக்காமல், 'அடுத்த பதிப்பில் சரிசெய்கிறேன்' என்று பாதி தட்டியிருந்தான்.

"கொஞ்சம் நகருங்கோ."

கீபோர்டைத் தன் பக்கம் இழுத்து, அவன் எழுதியதை அழித்தாள். மூக்கை உறிஞ்சிக்கொண்டே தட்டினாள்.

'கேட் திறந்துதான் இருக்கு. லாரியெல்லாம் வேண்டாம், பஸ்லயே வா, அப்பா.'