மணியைப் பிடித்த கை

அந்தச் சிறுமிக்கு ஒன்பது வயது. சைக்கிளில் போனவளைக் கார் இடித்தது. மறுபரிசோதனைக்கு ஏழாவது முறையாக வந்திருந்தாள். கை எலும்பு கூடிவிட்டது, இனி வரத் தேவையில்லை என்று டாக்டர் கோப்பில் எழுதியிருந்தார். கீழே நர்ஸ் எழுதியிருந்தாள்: விபத்தன்று பிய்ந்து வந்த சைக்கிள் மணியை இன்னும் கீழே வைக்கவில்லை, தூங்கும்போதுகூட விரல்களைப் பிரிக்க முடியவில்லை. எக்ஸ்ரேயில் ஐந்து விரல் எலும்புகளுக்கு நடுவே அந்த மணி வெள்ளையாக இருந்தது. ஏழு முறை பார்த்தும் அது டாக்டரின் கண்ணில் படவில்லை.

வெளிநாட்டு ஆஸ்பத்திரிகள் அனுப்பும் கோப்புகளில் உள்ள நோய்களைக் குறியீடுகளாக மாற்றுவது எங்கள் வேலை. அதைப் பார்த்துத்தான் அந்த நாட்டு இன்ஷூரன்ஸ்காரன் அடுத்த சிகிச்சைக்குச் சம்மதிப்பான். எலும்புக்கு ஒரு குறியீடு போட்டேன். பயத்துக்கு ஒன்று போட்டேன்.

நாங்கள் போடும் குறியீடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டர் தேவசகாயம் என் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றார்.

“நர்ஸ் எழுதினதுக்கெல்லாம் கோடு நம்பர் போடுவியா? டாக்டர் எழுதணும்யா. ரூல் தெரியாது?”

“டாக்டர் அவ கையையே பாக்கல சார். அவர்கிட்ட ஒரு வார்த்தை கேட்டு அனுப்பலாம்.”

“பதில் வர மூணு நாளாகும். அதுவரைக்கும் உன் டார்கெட்ட உன் மாமனாரா வந்து முடிப்பாரு? எடுத்துடு. இல்லன்னா கெளம்பு.”

பக்கத்து சீட்டில் யாரோ சிரித்தார்கள். நான் மவுஸைத் தொடவில்லை. அடையாள அட்டையைக் கழற்றிக் கீபோர்டின் மேல் எறிந்துவிட்டு எழுந்தேன். அவர் குனிந்து, என் லாகினிலேயே பயத்துக்குப் போட்ட குறியீட்டை அழித்துக் கோப்பை அனுப்பினார். அடுத்த நோயாளியின் கோப்பு திறந்தது.

அவள் குணமாகிவிட்டாள் என்பதற்குக் கீழே இன்றும் என் பெயர் இருக்கிறது.