வாயுள்ள ஜீவன்

கரையான்சாவடி மேட்டில் ஒற்றை மாட்டு வண்டியைக் கண்டதும் ஜீவகாருண்யச் சங்கச் செயலாளர் மாசிலாமணிக்கு ரத்தம் கொதித்தது. தன் வண்டியை நிறுத்தச் சொல்லி இறங்கினார்.

“ஏம்ப்பா, நீயெல்லாம் ஒரு மனுஷனா? வாயில்லா ஜீவன், நுரை தள்ளுது பாரு! எத்தனை மூட்டை?”

“ஆறு மூட்டை தவுடு கீது சாமி. பூந்தமல்லி கடைக்குப் போவுது,” என்றான் வண்டிக்காரன் வேம்புலி.

“ரெண்டை இறக்கு. இல்லேன்னா போலீஸைக் கூப்பிடுவேன்.”

“நடுரோட்ல எறக்கிட்டு இன்னா சாமி பண்ணுவேன்?”

மாசிலாமணியின் மனம் இளகியது. “சரி, என் வண்டியில ஏத்து. நானே கடையில சேர்த்துடறேன். நீ மொதல்ல மாட்டை நிழல்ல கட்டித் தண்ணி காட்டு.”

வேம்புலி தயங்கித் தயங்கி இரண்டு மூட்டைகளையும் ஏற்றினான். மாசிலாமணி அவற்றின் மேல் காலை நீட்டி வசதியாக உட்கார்ந்தார்.

“உம், கிளம்பு. வெயில் ஏறுது பாரு.”

பாதி மேட்டில், அவர் ஏறியிருந்த கைரிக்‌ஷாவை இழுத்துக்கொண்டிருந்த துலுக்கானம் மூச்சிரைக்கக் கேட்டான்.

“சாமி, உங்க சங்கத்துல என்னியும் சேத்துக்குவீங்களா?”

“மெம்பராவா?”

“இல்ல சாமி, மாடா.”