இரண்டு இடி

கடையில் கடனுக்குப் பெயிண்ட் வாங்கியவர் மீது பாக்கிக்காகப் போட்ட வழக்கில் எதிர்த்தரப்பு வக்கீல் ஒரே பிடியாக நின்றார். "கடை இந்தம்மாவோடது இல்ல. பேருக்குத்தான் இவங்க முதலாளி." அது உண்மைதான். பழைய கடன்காரர்களுக்குப் பயந்து மாசிலாமணி கடையை மனைவி தமயந்தி பேரில் பதிந்து வைத்திருந்தார். அவருக்குத் தெரிந்து அவள் கடைப்படி ஏறியதே இல்லை. அதனால் சரக்கு, விலை, கம்பெனி ஆள் பெயர் எல்லாவற்றையும் நாள்கணக்கில் சொல்லிக்கொடுத்துத்தான் கூண்டில் ஏற்றியிருந்தார். அவளும் பிசகாமல் ஒப்பித்தாள்.

"சரி, கல்லாப்பெட்டியை எப்படிம்மா திறப்பீங்க?" என்றார் வக்கீல், மடக்கிவிட்ட சிரிப்போடு.

மாசிலாமணிக்கு வியர்த்தது. அதை அவர் சொல்லித்தரவில்லை.

"சாவி போட்டா மட்டும் திறக்காதுங்க. இடது பக்கம் முழங்கையால ஒரு இடி இடிக்கணும்," என்றாள் தமயந்தி. "அடித்தட்டு வேணும்னா ரெண்டு இடி."

நீதிபதி குறித்துக்கொண்டார். வக்கீல் சிரிப்பை விழுங்கிவிட்டு உட்கார்ந்தார். வழக்கு ஜெயித்த மாதிரிதான்.  ஆனால் அடித்தட்டு ஒன்று இருப்பதே தன்னைத் தவிர யாருக்கும் தெரியாது என்றுதான் மாசிலாமணி நினைத்திருந்தார்.

வெளியே வந்ததும், "யார் சொன்னா உனக்கு?" என்று கேட்டார்.

அவள் ஒரு ஆட்டோவைக் கை காட்டி நிறுத்தினாள். "கடைவீதிக்குப் போப்பா."

"சாவி வீட்டுல இருக்கு," என்றார் மாசிலாமணி அவசரமாக, சட்டைப்பைக்குள் சாவிக்கொத்தை இறுக்கிப் பிடித்தபடி.

"பரவால்ல, ஏறுங்க," என்றாள் தமயந்தி. "எங்கிட்ட ஒண்ணு இருக்கு."