ஒட்டுகிற பெயிண்ட்

மழைமூட்டத்தில் போத்தனூர் பிளாட்பாரம் மத்தியானமே மங்கிக் கிடக்கிறது. கேரளா ரயிலிலிருந்து ஆல்வினின் சவப்பெட்டியை நாலு பேர் இறக்கி வைக்கிறார்கள். துறைமுகத்தில் போர்க்கப்பல்களைப் பழுதுபார்த்தவன். நேற்று நெஞ்சுவலியில் போய்விட்டான். பெட்டி முழுக்கக் கப்பலின் சாம்பல் நிறம். அங்கே வேலை செய்கிறவர்களின் வீட்டில் கதவு, கட்டில், சைக்கிள் எல்லாமே மிச்சப் பெயிண்டில் இந்த நிறம்தான். டீக்காரர் கூவிக்கொண்டே வந்து, பெட்டியைப் பார்த்ததும் குரலை நிறுத்திக்கொண்டு கடக்கிறார். ஆல்வினின் மனைவி செவ்வந்தி மூடிமேல் கை வைக்கிறாள். எடுக்கும்போது விரல்கள் சாம்பலாக இருக்கின்றன. “காலைல நாங்கதான் அடிச்சோமுங்க அம்மணி,” என்கிறான் கூட வேலை செய்த வேலன். “காயறதுக்கு நேரமில்லீங்க.” அவள் விரல்களையே பார்க்கிறாள். அழுகை வரவில்லை. “முந்தாநேத்து ஊட்டுல தொட்டிலுக்கு இதே பெயிண்ட்ட அடிச்சுப்போட்டுத்தான் போனாருங்கண்ணா,” என்கிறாள். “அதுவும் இன்னும் ஒட்டுதுங்க.”