பின்வரிசையில் ஓர் இடம்

இங்கிலாந்தின் அந்தச் சிற்றூர்க் கால்பந்துக் கழகம் ஆண்டுதோறும் அணிப்படம் எடுக்கும்போது, பின்வரிசையில் ஓர் ஆள் நிற்கும் அளவுக்கு இடம் விடும். முதலாம் உலகப்போருக்குப் போய்ச் செத்த கோல் கீப்பரின் இடம் அது. தோற்றுத் தொலைந்த வருடங்களிலும், ஆட்களே சேராத வருடங்களிலும் அதை யாரும் நிரப்பவில்லை. பக்கத்தில் நிற்பவன் அந்த வெறும் காற்றின் தோளில் கை போட்டிருக்க வேண்டும். இந்த வருடம் அந்தக் கை துவாரகனுடையது.

"ஆருக்கடா இடம் விட்டிருக்கிறியள்?" என்று படத்தைப் பார்த்து அம்மா கேட்டாள். அவன் சொன்னான். "செத்த பிள்ளைக்கு இப்பிடியாவது ஒரு மரியாதை," என்று அதைச் சுவரில் மாட்டினாள்.

தங்கச்சியின் கலியாணத்தில் குடும்பப் படத்துக்கு நின்றபோது, துவாரகன் தன்னையறியாமல் அம்மாவிடமிருந்து ஓர் ஆளுக்கு இடம் விட்டுத் தள்ளி நின்றான். கை தானாக உயர்ந்து காற்றில் படிந்தது. வன்னிப் போரில் காணாமற்போன அண்ணனின் தோள் அந்த உயரத்தில்தான் இருக்கும்.

"தம்பி, கொஞ்சம் கிட்ட வாங்கோ," என்றார் படம் எடுப்பவர்.

அம்மா அந்தக் கையைப் பார்த்தாள். பிறகு கமராவைப் பார்த்துச் சிரித்தபடியே, அவனுக்கு மட்டும் கேட்கும்படி சொன்னாள்:

"அவன் செத்திட்டான் எண்டு உனக்கு ஆர் சொன்னது?"