தலைமாட்டு விளக்கு

கட்டில் வாசலில் சிக்கிக்கொண்டது.

நேராக வராது. ஒருக்களித்துச் சாய்த்து, கால்களை முதலில் வெளியே விட வேண்டும். கோர்ட் அமீனாவுக்கு அது தெரியும். சொல்லவில்லை. கூலியாட்கள் இருவரும் முட்டி மோதித் தாங்களே கண்டுபிடித்தார்கள்.

அவருக்கு எல்லா வாசலும் ஒன்றுதான். உத்தரவைப் படித்துக் காட்ட வேண்டும். சாமான்களை வெளியே எடுக்க வேண்டும். காலி வீட்டை உரிமையாளரிடம் ஒப்படைத்துக் கையெழுத்து வாங்க வேண்டும். திரும்பும்போது பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தால் அது நல்ல நாள்.

காலையில் சந்துக்குள் நுழையும்போதே வீட்டுக்காரர் அர்த்தநாரி பிடித்துக்கொண்டார்.

"போன தடவை வந்தவரு மாதிரி, கதவு பூட்டியிருந்துச்சுன்னு எழுதிட்டுப் போயிராதீங்க சார். நாளையோட வாரண்ட் முடியுது. விட்டா மறுபடி ஆறு மாசம் கோர்ட்டுப் படி ஏறணும் நான்."

"பார்க்காததை நான் எழுதறதில்லைங்க."

பெருமையாகச் சொல்லவில்லை. மற்றவர்கள் டீக்கடையில் உட்கார்ந்தே எழுதிவிடுகிறார்கள். அந்த ஒரு பிடிவாதத்தால் அவருக்குக் கிடைத்தது வெயிலும் முழங்கால் வலியும்தான்.

குடியிருந்த பெண் எதிர்க்கவில்லை. தானே பாத்திரங்களைச் சாக்கில் கட்டினாள். தானே கேஸ் அடுப்பைக் கழற்றினாள். தையல் மெஷினும் பீரோவும் தெருவுக்கு வந்துவிட்டன. எதிர்வீட்டு ஜன்னல் பாதி திறந்திருந்தது.

வேலை சுலபமாக முடியும் போலிருந்தது.

கூலியாட்கள் வெறுங்கையோடு வெளியே வந்தார்கள்.

"முடிஞ்சுதா?"

"ஒண்ணே ஒண்ணு இருக்குதுங்க. நீங்களே வந்து பாருங்க."

கூடத்து மூலையில், தரையில், ஓர் அகல்விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பக்கத்தில் செம்பில் தண்ணீர். சுவரில் சாய்த்து வைத்த ஓர் ஆணின் படம். மாலை இன்னும் முழுதாகக் காயவில்லை.

வாரண்டில் இருந்த பெயர்க்காரன்.

"வெள்ளிக்கிழமை காரியங்க," என்றாள் அவன் மனைவி. "அதுவரைக்கும் அணையக் கூடாது. உயிர் போன இடத்தை விட்டு எடுக்கவும் கூடாது."

அமீனா வாசலைத் திரும்பிப் பார்த்தார். அர்த்தநாரி தெருவைப் பார்த்தார்.

"உங்களுக்குத் தெரியுமா இது?"

"முதல் மாலையே நான் போட்டதுதானுங்க. சாவு வேற, கோர்ட்டு வேற. நாளன்னைக்குப் புதுசா குடி வர்றவங்க பால் காய்ச்சறாங்க."

வீடு காலியாக இருக்க வேண்டும். அதுதான் உத்தரவு. விளக்கும் சாமான்தான்.

அமீனா கூலியாட்களைப் பார்த்தார்.

"சாமான் தூக்கத்தான் கூலி பேசினது," என்றான் மூத்தவன்.

பந்தோபஸ்துக்கு வந்த கான்ஸ்டபிள் செல்போனைக் காதில் வைத்தபடி சந்து முனைக்கு நடந்தார். மணியே அடித்திருக்கவில்லை.

அமீனா குனிந்தார். முழங்கால் சத்தம் போட்டது. அவர் மூச்சு பட்டுச் சுடர் சாய்ந்தது.

மூச்சை அடக்கிக்கொண்டார்.

சுடர் நிமிர்ந்தது.

அவள்தான் பேசினாள். அவரிடம் அல்ல.

"அண்ணா, படத்தையும் செம்பையும் நான் எடுத்துக்கறேன். விளக்கு இருக்கட்டும். வீடு உங்களுதாயிருச்சு, நீங்களே பாத்துக்கங்க. காலையில ஒருக்கா, சாயங்காலம் ஒருக்கா எண்ணெய் ஊத்தணும். ராத்திரியும் எந்திரிச்சுப் பாக்கணும், திரி கருகிரும்."

மிரட்டல் இல்லை. ஊருக்குப் போகும்போது பக்கத்து வீட்டில் பால் பாக்கெட் வாங்கி வைக்கச் சொல்கிற குரல்.

சாவியை நீட்டினாள். கூடவே எண்ணெய்ப் பாட்டிலையும்.

அர்த்தநாரியின் கை நீண்டது. பாதியில் நின்றது.

அமீனா ஒப்படைப்புத் தாளை எடுத்தார். பேனாவைத் திறந்தார்.

"கையெழுத்துப் போடுங்க."

அர்த்தநாரி தாளைப் பார்த்தார். விளக்கைப் பார்த்தார். துண்டால் கழுத்தைத் துடைத்தார். பிறகு அமீனாவின் முழங்கையைத் தொட்டு ஓரமாகக் கூட்டிப்போனார்.

"சார்... அந்த, பூட்டியிருந்துச்சுங்கறது. அதையே எழுதிக்க முடியுங்களா?"

"பார்க்காததை எழுதறதில்லைன்னு அப்பவே சொன்னேனே."

அர்த்தநாரி அவள் கையிலிருந்த எண்ணெய்ப் பாட்டிலைத் திரும்பிப் பார்த்தார்.

தெருவில் பீரோக் கண்ணாடி வெயிலை வாங்கி எல்லார் முகத்திலும் அடித்துக்கொண்டிருந்தது.

அமீனா வாசலுக்குத் திரும்பி வந்தார்.

"வெளியே வாங்கம்மா. கதவைச் சாத்திப் பூட்டுங்க."

அவள் முகம் அப்போதுதான் மாறியது. மூலையைத் திரும்பித் திரும்பிப் பார்த்தபடி வந்தாள். சாத்தினாள். சாவி துவாரத்தில் சரியாக நுழைய நேரமெடுத்தது.

அவர் பூட்டைப் பிடித்து இழுத்துப் பார்த்தார். நம்பாதவர் போல் இன்னொரு முறை இழுத்தார்.

பூட்டியிருந்தது.

சுவரில் வாரண்டை வைத்து, பார்த்ததை எழுதினார். நேரம் போட்டார். பேனாவை மூடினார்.

"திறங்க. எண்ணெய் இருக்கான்னு பாருங்க."

அவள் உள்ளே ஓடினாள்.

அவர் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தார். பத்தடி போயிருப்பார். பின்னால் மரம் மரத்தில் இடித்தது.

திரும்பிப் பார்த்தார். கட்டிலின் ஒரு முனையில் மூத்த கூலியாள். மறுமுனையில் அர்த்தநாரி, வேட்டியை மடித்துக் கட்டியிருந்தார். கட்டில் வாசலில் நேராக நின்றது.

"சாய்ச்சுப் பிடிங்க," என்றார் அமீனா. "காலை முதல்ல விடுங்க."