கதவில்லாத பால்கனி

போரில் குண்டு விழுந்து தரைமட்டமான அந்தத் தெருவை நகராட்சி மறுபடி கட்டி முடித்திருந்தது. பழைய புகைப்படம் ஒன்றுகூட மிஞ்சவில்லை. அங்கே பிறந்த கலை இயக்குநர் ரைன்ஹோல்ட் ஐம்பது வருடங்களுக்கு முன் ஒரு படத்துக்காக அதே தெருவை நினைவிலிருந்து ஒட்டுப்பலகையில் செட்டாகப் போட்டதைத் திரையில் பார்த்துத்தான் கட்டினார்கள். மேயர் முக்கால் மணி நேரம் பேசினார். வரலாறு என்ற சொல் பதினேழு முறை வந்தது. “அங்குலம் பிசகாமல்” என்று அவர் முடித்தபோது கைதட்டல் அடங்க நேரமாயிற்று.

ரைன்ஹோல்ட் தன் வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். இரண்டாம் மாடியில் கருங்கல் பால்கனி. உள்ளிருந்து அதற்குப் போகக் கதவு கிடையாது. செட்டில் நடிகர்கள் யாரும் அங்கே ஏறப்போவதில்லை என்று அவர் கதவு வைக்கவில்லை. இவர்களும் பக்தியோடு வைக்கவில்லை. நிஜ வீட்டிலோ பால்கனியே இருந்ததில்லை. அக்கா ஹெட்விக் ஒவ்வொரு கோடையிலும் அப்பாவிடம் அழுது கேட்டும் கிடைக்காத பால்கனி அது.

“எல்லாம் இருந்தபடியே இருக்குன்னு ஒரு கையெழுத்து போடுங்க சார், கல்வெட்டுல வரும்” என்று அதிகாரி பேனாவை நீட்டினார்.

“அதுல ஒரு சின்ன விஷயம்...” என்று ஆரம்பித்தார் ரைன்ஹோல்ட்.

சக்கர நாற்காலியிலிருந்த ஹெட்விக் தம்பியின் கோட்டைப் பிடித்து இழுத்தார். “அந்தப் பால்கனியில நின்னுதான்டா தினமும் உனக்குக் கையாட்டுவேன். நீ ஒரு நாளாவது திரும்பிப் பாத்திருக்கியா? ஸ்கூலுக்கு ஓடுறதுலயே இருப்ப.”

ரைன்ஹோல்ட் கையெழுத்துப் போட்டார். பிறகு தெருவில் நாலடி நடந்து, திரும்பி, பால்கனியை நிமிர்ந்து பார்த்துக் கையாட்டினார்.